மூக்கு அண்ணாச்சி சொன்னா சுத்தம்

சுயம்புவைப் பத்தி விசாரிக்கவா வந்திருக்கிய? எதிர்வீட்டு சுயம்புலிங்கத்தையா? சரியான ஆளுகிட்டதான் வந்திருக்கிய. உள்ள வாங்க. செருப்பு வெளிய கெடக்கட்டும், அதை எவன் தூக்கிட்டுப் போவப் போறான். அந்த நாற்காலி வேண்டாம், கால் ஆடும். இப்படி ஃபேனுக்குக் கீழ உக்காருங்க.

பொண்ணுக்குத் தாய்மாமனா? சந்தோஷம். சாத்தான்குளத்துல இருந்து பஸ்ஸு மாறி பஸ்ஸு ஏறி வந்து விசாரிக்கிய பாத்தியளா, அதுதான் முறை. இப்ப எவன் விசாரிக்கான்? போட்டோவைப் பாக்கான், சம்பளத்தைக் கேக்கான், நாள் குறிச்சிருதான். பிறகு தலையில அடிச்சுக்கிட்டு அலையுதான். இந்தக் காலனியில நீங்க எந்த வீட்டுக் கதவைத் தட்டினாலும் சுயம்புவா, தங்கமான பயலாச்சேம்பாவ. எல்லாவனும் பொய் சொல்லுதான். உள்ளதை உள்ளபடி சொல்ல இங்க நான் ஒரு ஆளுதான் உண்டு.

டீ குடிப்பியல்லா? எங்க வீட்டுக்காரி இல்ல. ஞாயித்துக்கிழமையானா மக வீட்டுக்குப் போயிருவா. நானே பாலை அடுப்புல வச்சிட்டு வாரேன். கொஞ்சமாத்தான் எரியவிட்டிருக்கேன், மெதுவாக் காயட்டும். டீயில பெருசா ஒண்ணும் எதிர்பார்க்காதிய. இந்தக் காலத்து டீத்தூள்ல என்ன இருக்கு? வாசமும் கிடையாது ஒரு மண்ணும் கிடையாது. செங்கலை அரைச்சுக் கலக்குதான். மீன் வாங்கினா அதுலயும் வாசம் இல்ல. ஐஸ்ல போட்டுப் போட்டு மீனைக் கொன்னுட்டானுவ. எங்க வீட்டுக்காரி குழம்பு வச்சா முன்னயெல்லாம் தெருமுனையில வரும்போதே தெரியும். இப்ப அவளும் சரியா வைக்கிறதில்ல. சொன்னா மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிடுதா.

சரி, விஷயத்துக்கு வாரேன். பய குடிப்பானான்னு கேப்பிய. குடிக்க மாட்டான். அதை வச்சு ஏமாந்துறாதிய. குடிக்கிறவன்கூட மனசுல உள்ளதைக் கொட்டிருவான், இவன் கொட்ட மாட்டான். அமுக்கன். நான் தெருவுல வச்சு வாய்க்கு வந்தபடி ஏசியிருக்கேன், திருப்பி ஒரு வார்த்தை சொன்னது கிடையாது. தலையைக் குனிஞ்சிட்டு நிப்பான். அம்புட்டு அழுத்தம். எங்க வீட்டுக்காரிக்கு நெஞ்சு வலின்னு போன மாசம் ஆட்டோ கிடைக்காம நின்னேன். எங்க இருந்துதான் வந்தானோ, அவளைப் பைக்குல வச்சு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போயிட்டான். பின்னால அவன் அம்மை பிடிச்சுக்கிட்டு உக்காந்திருக்கா. என்னைக் கேட்டானா? ஊரு பாக்கணும், இந்தத் தவசிலிங்கம் பொண்டாட்டியைச் சுயம்புதான் காப்பாத்தினான்னு நாலு பேரு சொல்லணும். வேற எதுக்கு?

இவன் அப்பன் பால்துரை நல்ல மனுஷன். எங்க உரக் கம்பெனியில கம்ப்ரெஸ்ஸர் பாத்தான், செத்துப்போனான். அவனைப் பத்தி ஒண்ணும் சொல்ல மாட்டேன். இவன் டிப்ளமா முடிச்சிட்டு எங்க ஷிப்டுக்கே ஆப்பரேட்டரா வந்து சேர்ந்தான். வந்து ஒரு வருஷம் ஆவதுக்குள்ள என் மூஞ்சியில கரியைப் பூசிட்டான்.

நாங்க கம்பெனியில என்னதான் செய்யுதோம்னு உங்களுக்குத் தெரியணும். அப்பதான் அவன் செஞ்ச துரோகம் விளங்கும். வாழைக்கு யூரியா போடுவியல்லா? அந்த வெள்ளை மணி எதுல இருந்து வருதுன்னு நினைக்கிய? காத்துல இருந்து வருது. சிரிக்காதிய. நீங்களும் நானும் இழுத்து விடுத இந்தக் காத்துதான். இதுல முக்காவாசிக்கு மேல நைட்ரஜன் கெடக்கு. பயிருக்கு அதுதான் சாப்பாடு. ஆனா பயிரு அதைச் சும்மா இழுத்துக்கிட முடியாது. நாங்க அதைப் பிடிச்சு அம்மோனியாவாக்கிக் குடுக்கணும்.

கப்பல்ல நாப்தா வரும். பெட்ரோலுக்குச் சித்தப்பா மவன்னு வச்சுக்கிடுங்க. அதுல கொஞ்சம் கந்தகம் இருக்கும். முதல்ல அதை எடுத்திரணும், இல்லேன்னா பின்னால வினையைத் தூண்டிவிட வச்சிருக்க கேட்டலிஸ்ட்டெல்லாம் செத்துப்போவும். பிறகு அதையும் நீராவியையும் சேத்து உலைக்குள்ள விடுவோம். உலைன்னா உங்க ஊரு செங்கச்சூளை கிடையாது. வரிசை வரிசையாக் குழாய் தொங்கும். சின்ன ஓட்டை வழியாப் பாத்தா குழாயே செவந்து போயி நிக்கும். அங்கதான் ஹைட்ரஜன் பிரியுது. அடுத்த பாத்திரத்துல காத்தை விடுவோம். காத்துல இருக்க ஆக்சிஜன் எரிஞ்சு போவும், நைட்ரஜன் தங்கும். நடுவுல வார கரியமில வாயுவைத் தனியாக் கழுவி எடுத்து வச்சுக்கிடணும், அது பின்னால வேணும். இப்ப மிச்சம் ஹைட்ரஜனும் நைட்ரஜனும். ரெண்டும் லேசுல ஒண்ணு சேராது. அழுத்து அழுத்துன்னு அழுத்தி, இரும்புக் கேட்டலிஸ்ட் நிரப்பின கோபுரத்துக்குள்ள தள்ளணும். அப்பவும் ஒரு தடவைக்குக் கொஞ்சம்தான் அம்மோனியாவா மாறும். மாறாததை மறுபடி மறுபடி சுத்தவிடணும். மாறினதைக் குளிர வச்சா தண்ணி மாதிரி ஆயிரும். அதோட முன்ன எடுத்து வச்ச கரியமில வாயுவைச் சேத்தா யூரியா. கேக்க இம்புட்டுதான். செஞ்சு பாத்தவனுக்குத் தெரியும்.

நானும் ஆப்பரேட்டர்தான். இதுல என் இடம் எதுன்னா, அம்மோனியா தண்ணியா மாறி பம்புக்கு வார இடம். பொல்லாத இடம். மேல தெறிச்சா தோலு வெந்துபோவும். கண்ணுல பட்டா கண்ணு போச்சு. மொத்தமா மூஞ்சியில அடிச்சா ஆளு அடுத்த மூச்சு இழுக்க முடியாது. பம்புல பழுதுன்னா வால்வை மூடி, உள்ள இருக்கதை வடிச்சு, நைட்ரஜனை விட்டு ஊதிக் கழுவணும். உள்ள சுத்தமாயிட்டுன்னு ஆப்பரேட்டர் சொல்லி பெர்மிட்டுல கையெழுத்துப் போட்ட பிறகுதான் ஃபிட்டர் போல்ட்டுல கை வைக்கணும். அது சட்டம்.

சுத்தமான்னு எப்படிப் பாக்கன்னு கேப்பிய. மீட்டர்னு ஒண்ணு ஆபீஸ்ல தொங்கும். லிட்மஸ் தாள் இருக்கு, நீங்க பள்ளிக்கூடத்துல பாத்திருப்பிய. சிவப்புத் தாளை நனைச்சு வடிகுழாய் வாயில பிடிச்சா, அம்மோனியா இருந்தா நீலமாவும். ஆனா எங்க ஷிப்டுல தாளும் கிடையாது, மீட்டரும் கிடையாது. நான்தான். வடிகுழாயை லேசாத் திறந்துவிட்டு, குனிஞ்சு ஒரு தடவை மோந்து பாத்துட்டு சுத்தம்பேன். முடிஞ்சுது. சுத்தம் இல்லேன்னா அதையும் சொல்லுவேன். இன்னும் கொஞ்சம் ஊதணும்பேன், ஊதுவாவ. தூரத்துல எந்த வால்வு கசியுதுன்னு காத்தடிக்கிற பக்கம் நின்னு சொல்லியிருக்கேன். எனக்குப் பேரே மூக்கு அண்ணாச்சிதான். புதுசா வார இன்ஜினியருக்கு முதல்ல என்னைத்தான் காட்டுவாவ. மூக்கு அண்ணாச்சி சொன்னா சுத்தம், இது எங்க பிளாண்ட்டுல ஒரு பேச்சு. நான் சொன்ன பிறகு எவனாவது தாளை எடுத்தான்னா அது என்னைச் செருப்பால அடிச்ச மாதிரி. எவனும் எடுத்தது இல்ல.

இவன் எடுத்தான்.

போன வருஷத்துக்கு முந்தின வருஷம் ஆடி மாசம். காத்துன்னா காத்து, நிக்க முடியாது. பம்புக்கு முன்னால இருக்க வடிகட்டி அடைச்சுப்போச்சு. அதைக் கழட்டிக் கழுவணும். வால்வை மூடியாச்சு, வடிச்சாச்சு, ஊதியாச்சு. ஃபிட்டர் யாருன்னா என் மருமகன், இசக்கிராஜா. ஆமா, என் மக முத்துக்கனி புருஷன்தான். ஒரே கம்பெனின்னுதான் கட்டிக் குடுத்தேன். நான் போனேன், குனிஞ்சேன், மோந்தேன். ஒண்ணுமே இல்ல. சுத்தம்னேன். இசக்கி போல்ட்டுல ஸ்பேனரை மாட்டிட்டான். அப்ப இந்தப் பய வாரான். அண்ணாச்சி, கோவிச்சுக்கிடாதிய, ஒரு தடவை தாளைப் பிடிச்சுப் பாத்துருவோம்ங்கான்.

எனக்கு எப்படி இருந்திருக்கும், சொல்லுங்க. நாலு பேரு நிக்காவ, மருமகன் நிக்கான். ஏலே, நான் சொல்லிட்டேன்லான்னேன். அவன் பையில இருந்து தாளை எடுத்தான், தண்ணியில நனைச்சான், இசக்கியைக் கொஞ்சம் தள்ளி நிக்கச் சொன்னான், வடிகுழாய் வாயில பிடிச்சான். தாளு நீலமாப் போச்சு. எடுத்து என் மூஞ்சிக்கு நேரே காட்டவாவது செஞ்சானா? அதையும் செய்யல. கையில மூடிக்கிட்டு, அண்ணாச்சி, வால்வு சரியா மூடிக்கிடலபோல, மறுபடி ஊதுவோமாங்கான். என்னைக் காப்பாத்துதானாம். எனக்கு இவன் பிச்சை போடுதான்.

பிறகு என்ன. இன்ஜினியரு வந்தாரு. மாஸ்க்கைப் போடு, ஹோஸைக் கொண்டா, எல்லாரும் காத்துக்கு எதிர்ப்பக்கம் போன்னு ஒரே ஆர்ப்பாட்டம். பின்னால இருந்த வால்வு முழுசா மூடல. வடிகுழாயும் பாதி அடைச்சிருந்துருக்கு, அதனால கொஞ்சமாத்தான் வெளிய வந்திருக்கு. உள்ள தண்ணி அம்மோனியா அப்படியே நின்னிருக்கு. மாஸ்க்கு போட்டுத் தண்ணியை அடிச்சுக்கிட்டே திறந்தாவ. வெள்ளைப் புகையா வந்துது, ஒரு லாரி அளவுக்கு வந்துது, தரையோட தரையாப் போச்சு. வந்துட்டுப் போவுது. எவனுக்காவது ஒரு கீறல் உண்டா? ஒருத்தன் கண்ணு எரிஞ்சுதா? ஒண்ணும் ஆவல. ஒண்ணுமே ஆவாத விஷயத்துக்கு என்னை ஏன் குத்தம் சொல்லணும்? நீங்களே நியாயத்தைச் சொல்லுங்க.

அங்க நின்னவனுவ பிறகு என்ன சொன்னானுவ தெரியுமா? எங்களுக்கும் வாசம் வந்துது, அந்த இடத்துல எப்பவும் கொஞ்சம் வாசம் இருக்கும்லா, அண்ணாச்சியே சுத்தம்னுட்டாவளே, நாம என்ன சொல்லன்னு சும்மா இருந்தோம்னானுவ. எல்லாம் பின்புத்தி. தாளு நீலமான பிறகு எல்லாவனுக்கும் வாசம் வந்துட்டு.

அதோட விட்டாவளா? டாக்டர்கிட்ட அனுப்பினாவ. கம்பெனி டாக்டர், சின்னப் பய, மீசை சரியா மொளைக்கல. கண்ணை மூடுங்கங்கான். மூக்குக்கு நேரே பாட்டில் பாட்டிலாக் காட்டுதான். இது என்ன வாசம், அது என்ன வாசம்னு கேக்கான். பாட்டில்ல ஒண்ணும் கிடையாது, கேட்டுக்கிடுங்க. வெறும் தண்ணியை வச்சுக்கிட்டுப் பாவ்லா காட்டுதான். கடைசியாக் கண்ணைத் திறந்து பாக்கேன், கற்பூரமாம், கிராம்பு எண்ணெயாம், பெருங்காயமாம். கண்ணை மூடியிருக்கும்போது அதைத்தான் காட்டினான்னு என்ன நிச்சயம்? வருஷக்கணக்கா அம்மோனியாவை மோந்து மோந்து மூக்குல உணர்வு போயிட்டுன்னு சொல்லுதான். கொஞ்சங்கொஞ்சமாப் போனதால உங்களுக்கே தெரியலங்கான். எனக்கே தெரியாம என் மூக்கு எங்க போவும்?

பம்பு பக்கம் வரக்கூடாதுன்னு சொல்லி, என்னை யூரியா மூட்டை பிடிக்கிற இடத்துக்கு மாத்திட்டாவ. மூட்டை வாயைத் தைக்கிறதை மேற்பார்வை பாக்கணும். மூக்கு அண்ணாச்சி சாக்கு பாத்துக்கிட்டு உக்காந்திருக்கேன். காண்டீன்ல பயலுவ என் முன்னால தட்டை வச்சு, அண்ணாச்சி, இன்னைக்கு என்ன பொரியல், சொல்லுங்க பாப்போம்பானுவ. ரிட்டயர் ஆகுற வரைக்கும் அங்கதான் கெடந்தேன். வழியனுப்புற அன்னைக்கு ஒரு பய மாலை போட்டான். அதைக்கூட நான் கழட்டித்தான் வச்சேன். வாசமில்லாத பூவுல எவன் மாலை கட்டுதான்.

இம்புட்டுக்கும் யாரு காரணம்? அந்தா அந்த வீட்டுல ஒண்ணும் தெரியாதவன் மாதிரி செடிக்குத் தண்ணி ஊத்திக்கிட்டு நிக்கான் பாருங்க, அவன்தான். இருங்க. ஒரு பீடி பத்த வச்சிக்கிடுதேன்.

என்ன? ஏன் கையைப் பிடிக்கிய? தீப்பெட்டியைக் குடுங்க. எங்க ஓடுதிய? அண்ணாச்சி, அது அடுக்களை.

என்னது, கேஸா? பால் பொங்கி அடுப்பு அணைஞ்சிட்டா? சரி, திருகை மூடிட்டியல்லா, பிறகென்ன. ஜன்னலைத் திறந்தது சரி, வாசக்கதவையும் எதுக்குத் திறந்து போடுதிய? தெரு பூரா பாக்குது. லைட்டைத் தொடக்கூடாதுன்னு எனக்கே சொல்லுதியளா? அம்மோனியாவோடயே குடும்பம் நடத்தினவன் நான். இருமாதிய, தண்ணி குடிங்க. வீடு முழுக்க இருந்துதா? எனக்கு ஒண்ணும் தெரியல. எப்படித் தெரியும்? சிலிண்டர் கேஸுக்குச் சொந்தமா வாசமே கிடையாது, தெரியுமா உங்களுக்கு? கசிஞ்சா தெரியணுமேன்னு வாசத்தைத் தனியாக் கலக்குதான். இப்ப அதுலயும் கையை வச்சிட்டான். எல்லாத்துலயும் கலப்படம் பண்ணுதவன் இதுல மட்டும் ஒழுங்காக் கலக்குவானா?

அப்படிப் பாக்காதிய. நீங்க வயக்காட்டுக் காத்துல வளந்த ஆளு, உங்களுக்குக் கொஞ்சம் கூடுதலாத் தெரியும். உக்காருங்க. டீ இனிமே கிடையாது. பாலு போச்சு.

எங்க விட்டேன்? ஆமா, பய. நடந்த மறுநாளு வீட்டுக்கு வந்தான். அண்ணாச்சி, மன்னிச்சுக்கிடுங்க, எனக்கு வேற வழி தெரியலன்னு வாசல்ல நின்னான். வெளிய போடான்னேன். போயிட்டான். அதோட விட்டானா? என் மருமகனைக் கைக்குள்ள போட்டுக்கிட்டான். இசக்கி இவனைக் கண்டா தோள்ல கை போடுதான். உசுரைக் குடுத்தவன்னு சொல்லுதான். நான் இசக்கியைக் கூப்பிட்டுக் கேட்டேன். ஏம்ப்பா, மாமன் சுத்தம்னு சொன்ன பிறகு நீ பாட்டுக்குப் போல்ட்டைத் திருக வேண்டியதுதானே, அவன் பேச்சைக் கேட்டு ஸ்பேனரை ஏன் கழட்டினன்னு கேட்டேன். நீ திருகியிருந்தா இந்த அசிங்கமே வந்திருக்காதேன்னேன்.

என்ன, தலையில கை வச்சுக்கிட்டிய? கோவத்துல சொன்னதுதான். மனுஷனுக்குக் கோவம் வராதா?

முத்துக்கனி அப்ப மாசமா இருந்தா. வளைகாப்பு முடிஞ்சு இங்கதான் தலைப்பிரசவத்துக்கு வந்திருந்தா. அந்தா, அந்த அறையிலதான் படுத்திருந்தா. நான் இசக்கிகிட்ட சொன்னதைக் கேட்டுட்டா. எந்திரிச்சு வந்தா. வயித்தைப் பிடிச்சிக்கிட்டு அந்தக் கதவுல சாஞ்சு நின்னா. அவ சத்தம் போடுவான்னு நினைச்சேன், போடல.

அப்பா, அவருக்கு வாசம் வந்துது, மாமா சொல்லிட்டாவளேன்னுதான் ஸ்பேனரை மாட்டினாருன்னா.

தெரியாம சொல்லிட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்கப்பா, எனக்கு அது போதும், அவருகிட்டயும் சுயம்பு அண்ணன்கிட்டயும் சொல்லுங்கன்னா.

நான் என்ன சொல்லன்னு கேக்கிய? தெரியாம சொன்னேன்னா அம்புட்டு வருஷமும் தெரியாமத்தான் சொன்னேன்னு ஆயிராதா? எத்தனை பேரு என் பேச்சை நம்பி போல்ட்டைத் திருகியிருக்கான். அதெல்லாம் என்ன, குருட்டாம்போக்கா? முடியாதுன்னேன். அந்தப் பயகிட்ட நான் சொல்லவே மாட்டேன், வேணும்னா உன் புருஷன் அவன் சங்காத்தத்தை விடட்டும்னேன். அன்னைக்குச் சாயங்காலமே துணியை எடுத்து வச்சா. பிள்ளைத்தாச்சி, தலைப்பிரசவத்தை மாமியா வீட்டுல போயிப் பாத்துக்கிட்டா. எந்த ஊருலயாவது உண்டா? ஊருல எல்லாரும் என்னைக் கேட்டாவ, மகளுக்குப் பிரசவம் பாக்கக்கூட உமக்கு வழியில்லையான்னு. தலை நிமிந்து நடக்க முடியல.

பையன் பொறந்திருக்கான். எங்க வீட்டுக்காரி போயி போயி பாத்துட்டு வாரா. போனைக் காட்டுதா, இந்தாங்க பேரனைப் பாருங்கங்கா. நான் பாக்கிறதில்ல. ஒரு தடவைதான் பாத்தேன். எங்க அப்பா சாடை. பச்சப்பிள்ளைக்குன்னு ஒரு மணம் உண்டுல்லா. முத்துக்கனியைத் தூக்கி வச்சிருக்கும்போது எனக்கு அது நல்லாத் தெரியும், கழுத்துக்கிட்ட மூக்கை வச்சா. அது எப்படி இருந்துச்சுன்னு இப்ப நினைச்சுப் பாக்கேன், ஞாபகத்துக்கு வரமாட்டேங்கு.

அதை விடுங்க. அவன் குடும்பத்தைக் கெடுத்தவன். அப்பனையும் மகளையும் பிரிச்சவன். பெரியவங்க பேச்சை மதிக்காதவன். எல்லாருக்கும் முன்னால ஒரு மனுஷனை அசிங்கப்படுத்துதோமேங்கிற உறுத்தல் இல்லாதவன். நாளைக்கு உங்களையும் இப்படித்தான் சந்தேகப்படுவான். நீங்க ஒண்ணு சொன்னா, இருங்க மாமா, சரிபாத்துருவோம்பான். இப்படிப்பட்டவனுக்கு உங்க தங்கச்சி மகளைக் குடுக்கப் போறியளா? அதுக்குப் பதிலா அவளைக் கிணத்துல தள்ளிரலாம்பேன்.

எந்திரிச்சிட்டிய. இன்னும் நாலு பேருகிட்ட விசாரிக்க வேண்டாமா? போதுமா? எனக்கும் அதுதான் திருப்தி. ஆமா, கேக்க மறந்துட்டேன், இந்த வீட்டுல போயி விசாரிங்கன்னு உங்களுக்கு யாரு சொன்னா? காலனியில ஒருத்தனும் என்கிட்ட ஆளை அனுப்ப மாட்டானே.

யாரு, முத்துக்கனியா? என் மகளா? உங்க தங்கச்சி வீடு அவ இருக்க தெருதானா?

இருங்க, இருங்க. உக்காருங்க. அவ வாயால சொன்னாளா? என்ன சொன்னா, அப்படியே சொல்லுங்க, கூட்டிக் குறைக்காம. எங்க அப்பாகிட்டயே நேராப் போங்க, அவங்க சொல்லுததை முழுசாக் கேளுங்க, கேட்டுட்டுப் பிறகு முடிவு பண்ணுங்கன்னா? இப்படியேதான் சொன்னாளா?

பாத்தியளா. வேற யாருகிட்டயும் போவாதிய, எங்க அப்பாகிட்ட போங்கன்னு சொல்லியிருக்கா பாத்தியளா. ரெண்டு வருஷமா ஒரு வார்த்தை பேசல, ஆனா முக்கியமான காரியம்னு வரும்போது அப்பன் சொல்லு வேணும். என் பிள்ளை என் பிள்ளைதான். இதை எங்க வீட்டுக்காரிகிட்ட இன்னைக்கே சொல்லணும். அப்ப சரி, வேற மாப்பிள்ளை பாருங்க. நான் வேண்டாம்னு சொல்லிட்டேன்னு அவகிட்ட சொல்லிருங்க.

என்னது? பேசி முடிக்கப் போறியளா? இவனுக்கா? இம்புட்டு நேரம் தொண்டைத்தண்ணி வத்தக் கத்தினேனே, உங்களுக்குக் காது கேக்கலையா? நான் சொன்னதை வச்சுதான் முடிவு பண்ணினியளா? அது எப்படி? நான் என்ன நல்லதா சொன்னேன்? எனக்கு விளங்கல. என்னவே ஆளு நீரு.

சரி போங்க. உங்க வீட்டுப் பிள்ளை, உங்க இஷ்டம். பிறகு என்கிட்ட வந்து அழாதிய. செருப்பு அந்தா கெடக்கு. நேரா எதிர்வீட்டுக்குத்தான் போறிய? போங்க, போங்க.

அண்ணாச்சி, ஒரு நிமிஷம் நில்லுங்க.

நிச்சயதார்த்தத்துக்கு அவ வருவாளா? முத்துக்கனி. பிள்ளையைத் தூக்கிட்டா? அவதான் முன்ன நின்னு எல்லாம் செய்யுதாளா? இங்க, எதிர்வீட்டுலயேவா வச்சு? அப்ப இந்தத் தெருவுக்கு வருவா. இந்த வாசல் வழியாத்தான் போவணும்.

எனக்கும் ஒரு வார்த்தை சொல்லி அனுப்பச் சொல்லுங்க. பின்னால எங்கயாவது ஒரு நாற்காலி போட்டா போதும், சாப்பிடக்கூட மாட்டேன், வந்துட்டுப் போயிருவேன். அந்தப் பயலுக்காக ஒண்ணும் நான் வரல. அதையும் அவகிட்ட மறக்காம சொல்லிருங்க.